உடுப்பிட்டியைத் தேடிப் புத்தகம் புரட்டினோம்

பிறந்த ஊரை அறிந்துகொள்வதற்கும் ஒரு புத்தகம் வேண்டுமோ என்று வினவுவோர் நம்மிடையே உளர். ஊரிலே பிறந்து, ஊர்க் கிணற்றிலே நீர் மொண்டு, ஊர்க் கோயிலிலே தேர்வடம் பிடித்தவர்க்கு அது வேண்டுவதன்றுதான். ஆயின் இன்று தம்மை உடுப்பிட்டியார் என்று சொல்லிக்கொள்வோருள் எத்துணைப் பேர் உடுப்பிட்டியைக் கண்ணாற் கண்டவர்? தொரொன்ரோவிலும் இலண்டனிலும் பிறந்த பேரப்பிள்ளை, "அப்பாச்சி, உங்கடை ஊர் எப்படி இருக்கும்?" என்று கேட்கிறது. அப்பாச்சி சொல்லத் தொடங்குகிறார். ஒழுங்கையும் பனைவெளியும் வருகின்றன, பெயர்கள் வருகின்றன. "அதெல்லாம் எந்தப் புத்தகத்தில் இருக்கிறது?" என்று பிள்ளை அடுத்த வினாவை எழுப்பும்போது பேச்சு நின்றுவிடுகிறது. அந்த வினாவுக்கு விடை தேடுவதே இக்கட்டுரையில் நாம் எடுத்துக்கொண்ட வேலை.

ஆங்கிலேயர் இவ்வகையிற் கெட்டிக்காரர். அவர்கள் நாட்டில் ஒரு சிறு பட்டினத்தின் வாசிகசாலைக்குட் புகுந்தாலும், அப்பட்டினத்தையும் அதனைச் சூழ்ந்த கிராமங்களையும் பற்றிய நூல்களுக்கென்றே தனி அலுமாரி இருக்கும். 1598ஆம் ஆண்டிலேயே இலண்டன் மாநகரை வீதி வீதியாக நடந்து விவரித்து நூல் எழுதினார் ஜோன் ஸ்ரோ என்பவர். அவர் பேராசிரியருமல்லர், பிரபுவுமல்லர், தையற்றொழில் செய்தவர். ஒவ்வொரு மாவட்டத்தின் வரலாற்றையும் ஊர் ஊராக எழுதி முடிப்பது என்று 1899இல் அவர்கள் தொடங்கிய பெரும் வரிசை இன்னும் முடிந்தபாடில்லை. நிக்கலஸ் பெவ்ஸ்னர் என்னும் அறிஞர், ஜேர்மனியிலிருந்து இங்கிலாந்துக்கு வந்து குடியேறியவர், அந்நாட்டின் பழங் கட்டடங்களை 1951 முதல் 1974 வரை 46 தொகுதிகளில் வகைப்படுத்திக் கொடுத்தார். வந்தேறிய ஒருவர் அவ்வூரார்க்கே அவர்கள் ஊரைக் காட்டிக் கொடுத்தார் என்பது கவனிக்கத்தக்கது.

நமக்கு இக்கலை புதிதன்று. ஆற்றுப்படை என்பது வேறென்ன? போகும் வழி இது, அவ்வழியில் தங்குமிடம் இது, சென்றால் கிடைக்கும் பயன் இது என்று கூறுவதற்கென்றே ஓர் இலக்கிய வகையை வகுத்துக்கொண்டவர் நம் முன்னோர். தலபுராணங்களும் ஒருவகையில் யாத்திரிகர் கைந்நூல்களே. மூர்த்தி, தலம், தீர்த்தம் என்று முறை பிறழாமல் அவை சொல்லும். ஆனால் கோயிலில்லாத வெளியையும், கடவுள் குளிக்காத குளத்தையும் அவை சொல்லமாட்டா. சாதாரண ஊரின் சாதாரண வரலாறு நம்மவர் ஏட்டில் ஏறுவதற்கு, வரி கேட்க ஒருவன் கடல்கடந்து வரவேண்டியிருந்தது.

பாதிரியார் கண்ட வடமராட்சி

உடுப்பிட்டியை அச்சிலே கண்ட மிகப் பழைய நூல்களுள் ஒன்று பிலிப்பஸ் பால்டேயஸ் என்னும் ஒல்லாந்தப் பாதிரியார் எழுதியது. 1658இல் ஒல்லாந்தர் யாழ்ப்பாணத்தைப் பறங்கியரிடமிருந்து கைப்பற்றியபோது வந்த அவர், சில ஆண்டுகள் இங்கே சமயப்பணி புரிந்து நாடு திரும்பி, 1672இல் அம்ஸ்ரர்டாமில் பெரும் புத்தகமொன்றை வெளியிட்டார். அதில் வலிகாமம், தென்மராட்சி, வடமராட்சி, பச்சிலைப்பள்ளி என்று குடாநாட்டை நான்காக வகுத்து, ஒவ்வொன்றிலும் உள்ள கோயிற்பற்றுகளைக் கூறுகின்றார். வடமராட்சியின் கோயிற்பற்றுகளுள் உடுப்பிட்டியும் ஒன்று. ஒல்லாந்த எழுத்துக்கூட்டலில் அப்பெயர் மாறுவேடம் பூண்டு நிற்கின்றது. நம்மவர் எவரும் முதற்பார்வையில் அதனைத் தம் ஊரென்று அறியார். பருத்தித்துறையிலே புளியமரத்தடியில் நின்று அவர் பிரசங்கம் செய்ததாகச் சொல்லும் வழக்கம் இன்றும் அவ்வூரில் உண்டு. தமிழின் எழுத்தையும் இலக்கணத்தையும் பற்றி ஐரோப்பியர்க்குச் சிறிது சொல்லிக் கொடுத்ததும் அதே புத்தகந்தான்.

அவருக்குப் பின் ஏறத்தாழ எழுபது ஆண்டுகள் கழிய, 1736ஆம் ஆண்டையொட்டி, ஒல்லாந்த அதிகாரி ஒருவரின் வேண்டுகோளுக்கு இணங்கி மாதகல் மயில்வாகனப் புலவர் யாழ்ப்பாண வைபவமாலையை இயற்றினார். கைலாயமாலை, வையாபாடல் முதலிய முன்னூல்களைத் தழுவி எழுந்த அவ்வசன நூலை 1879இல் பிறிற்றோ என்பவர் ஆங்கிலத்தில் மொழிபெயர்த்தார். அரசர் வரலாறு கூறவந்த நூலேயெனினும், வடமராட்சியாருக்கு அதில் ஒரு பங்குண்டு. தொண்டைமான் உப்புத் தேடி வந்த கதை அதிற்றான் வருகின்றது. கரணவாயிலும் வெள்ளப்பரவையிலும் விளைந்த உப்பை மரக்கலத்தில் ஏற்றுவதற்காகத் தொண்டைமான் ஆற்றை வெட்டி ஆழமாக்கினான் என்று புலவர் கூறுகின்றார். கரணவாய் உடுப்பிட்டிக்கு அயலூர். தொண்டைமானாறும் அண்மையிலே கடலோடு கூடுகின்றது. அத் தொண்டைமான் கலிங்கத்துப் பரணியின் தலைவனாகிய கருணாகரத் தொண்டைமானே என்று துணிந்தாரும் உளர், அங்ஙனம் துணிய இடமில்லை என்றாரும் உளர். நம் எண்ணத்தில், உப்பு விளைந்த இடத்தைப் பெயர் சொல்லிக் காட்டியதே புலவரின் பெருங்கொடை. அரசர்களைப் பற்றிய பகுதியை எவரும் ஐயுறலாம். உப்பளத்தின் பெயரை ஒருவர் வேலையில்லாமற் கற்பித்து எழுதமாட்டார்.

ஆங்கிலேயர் காலத்தில் அகரவரிசை வந்தது. 1834இல் வெளிவந்த இலங்கை இடவிளக்க அகராதியை இயற்றியவர் கற்பிட்டியிற் பிறந்த சைமன் காசிச்செட்டி. அப்போது அவருக்கு வயது 27. மாவட்டங்கள், பட்டினங்கள், பிரதான கிராமங்கள், துறைமுகங்கள், ஆறுகள் ஆகிய எல்லாவற்றையும் ஆங்கில நெடுங்கணக்கின்படி ஒழுங்குபடுத்தி அவர் கொடுத்தார். இலங்கையிற் பிறந்த ஒருவர் இலங்கை முழுவதற்கும் ஓர் உசாத்துணை நூல் செய்யத் துணிந்தது பெருஞ்செயல். அதே பெருமகன் 1859இல் தமிழ்ப் புலவர் வரலாறுகளைத் திரட்டி யாழ்ப்பாணத்தில் ஆங்கில நூலாக அச்சிடுவித்தார். அதன் அடியொற்றி, நானூற்றுக்கு மேற்பட்ட புலவர்களின் வரலாற்றைத் தமிழிலே 1886இல் பாவலர் சரித்திர தீபகம் என வெளியிட்டார் ஆர்னோல்ட் சதாசிவம்பிள்ளை.

புகையிரதம் போன வழியே புத்தகமும்

பிரயாணிகளுக்கென்றே எழுதப்பட்ட கைந்நூல், புகையிரதத்தோடு யாழ்ப்பாணம் வந்தது. காங்கேசன்துறையிலிருந்து சாவகச்சேரி வரை 1902இல் ஓடிய வண்டி, 1905இல் கொழும்புடன் தொடுக்கப்பட்டது. அவ்வாண்டிலேயே ச. கதிரேசு என்பவர் யாழ்ப்பாணக் குடாநாட்டுக்கு ஓர் ஆங்கிலக் கைந்நூல் எழுதி, வடபகுதிப் புகையிரதப் பாதைத் திறப்புவிழாவின் நினைவுமலராகவும் அதனையே வெளியிட்டார். தென்னிலங்கையிலிருந்து வருவோர்க்கு யாழ்ப்பாணத்தை அறிமுகப்படுத்த யாழ்ப்பாணத்தவர் ஒருவரே முன்வந்தமை மெச்சத்தக்கது. மூன்றாண்டுகள் கழிய 1908இல் ஹென்றி கேவ் என்னும் ஆங்கிலேயர் படங்கள் நிறைந்த இலங்கைப் புத்தகம் ஒன்றை வெளியிட்டார். இலங்கைப் புகையிரதப் பாதைகளுக்கு வழிகாட்டி என்று அதன் தலைப்பே கூறும்.

இங்கேதான் வடமராட்சிக்கு ஒரு நட்டம் நேர்ந்தது. புகையிரதத்தை நம்பி எழுதிய நூல், தண்டவாளத்தின் இருமருங்கையும் விட்டு அதிகதூரம் விலகாது. வடமராட்சிக்கோ தண்டவாளம் வரவேயில்லை. உடுப்பிட்டிக்குப் போக விரும்பியவர் கொடிகாமத்திலோ யாழ்ப்பாணத்திலோ இறங்கி மாட்டுவண்டி ஏறவேண்டும். அப்படி ஏறிப்போக எந்த வெள்ளைக்காரத் துரைக்கு என்ன தேவை? யாழ்ப்பாணக் கோட்டை, நல்லூர், கீரிமலை என்று பார்த்து முடித்து அவர் மறுவண்டியில் திரும்பிவிடுவார். நூல்களும் அவ்வாறே திரும்பிவிட்டன. வல்லை வெளியைக் கடந்து, வீதி பிரியும் இடத்தில் உடுப்பிட்டிப் பக்கம் திரும்பி, காற்றுக்கு எதிராகச் சைக்கிள் மிதித்தவர் அறிவர் அவ்வழியின் அருமையை. அதனை எழுத அந்நூல்களுக்கு வாய்க்கவில்லை. 1990இல் நின்றுபோன யாழ்ப்பாண வண்டி 2014இல் மறுபடி ஓடத் தொடங்கியது. வடமராட்சி அன்றுபோல் இன்றும் பேருந்தையே நம்பி இருக்கின்றது.

இதற்கிடையில் தமிழில் நல்ல முயற்சிகள் நிகழ்ந்தன. மானிப்பாய் ஆ. முத்துத்தம்பிப்பிள்ளை 1902இல் அபிதானகோசத்தை வெளியிட்டார். தமிழிலே கலைக்களஞ்சியத்துக்கு வித்திட்ட நூல் அது. மதுரையில் அல்ல, சென்னையில் அல்ல, யாழ்ப்பாணத்தில் முளைத்தது என்று நாம் சற்றே செருக்குற்றாலும் குற்றமில்லை. 1912இல் அவரே யாழ்ப்பாணச் சரித்திரமும் எழுதினார். கல்லடி வேலுப்பிள்ளை 1918இல் யாழ்ப்பாண வைபவ கௌமுதியைத் தந்தார். ஜோன் மார்ட்டின் 1923இல் யாழ்ப்பாணக் குறிப்புகள் என ஆண்டு வரிசையில் ஆங்கில நூலொன்றைத் தெல்லிப்பழையில் அச்சிட்டார். முதலியார் செ. இராசநாயகம் 1926இல் ஆங்கிலத்திலும் 1933இல் தமிழிலும் பெருநூல்கள் செய்தார். சுவாமி ஞானப்பிரகாசர் 1928இல் வைபவமாலையை எடுத்து அலசி, ஒரு விமரிசனமே எழுதிவிட்டார். ஒருவர் கூற்றை மற்றவர் மறுப்பதும், மறுத்தவரை மூன்றாமவர் மடக்குவதுமாய் அக்காலம் கழிந்தது. இவ்விருபத்தைந்து முப்பது ஆண்டுகளில் யாழ்ப்பாணத்தைப் பற்றி எழுந்த நூல்களைப் போல் அதற்கு முன்னர் எழுந்ததில்லை.

அச் சண்டைகளுள் ஊர்ப்பெயர்ச் சண்டை மிகச் சுவையானது. நூற்றாண்டின் தொடக்கத்தில், குடாநாட்டு ஊர்ப்பெயர்கள் பலவற்றுக்குச் சிங்கள மூலம் காட்டி ஹோர்ஸ்பேர்க் என்னும் ஆங்கில உத்தியோகத்தர் எழுதினார். வடமாகாண இடப்பெயர்களின் வரலாற்றைத் தமிழிலே ஆராய்ந்து 1918இல் நூல் வெளியிட்டார் ச. வெ. குமாரசுவாமி. சிறுப்பிட்டி, அல்லைப்பிட்டி, உடுப்பிட்டி என்னும் பெயர்களில் வரும் பிட்டி என்னும் ஈறு மேட்டுநிலத்தைக் குறிக்கும் என்பர். சிங்களத்தில் உள்ள பிட்டிய என்னும் ஈற்றோடு அதனை இணைப்பாரும் உளர். அப்படியாயின் முன்னே நிற்கும் உடு யாது? சிங்களத்தில் அது மேல் என்று பொருள்படும். நிகண்டைப் புரட்டும் நம் பண்டிதர்க்கோ உடு என்பது விண்மீன்! விண்மீன் மேடு என்று ஊருக்குப் பெயர் வைக்குமளவு நம் பாட்டன்மார் கவிகளாய் இருந்தனரோ என்று நாம் ஐயுறுகிறோம். கமக்காரர் ஊருக்குப் பெயர் வைக்கும்போது நிலத்தைப் பார்ப்பாரே அல்லாமல் வானத்தைப் பார்ப்பது அரிது. எவ்வாறாயினும், இரு மொழியும் நெடுங்காலம் பக்கத்துப் பக்கத்தே வழங்கிய தீவில் ஒரு சொல் இரு வீட்டிலும் இருப்பது வியப்பன்று. அதனைக் கொண்டு காணி வழக்காட முற்படுவதே வியப்பு.

உடுப்பிட்டியும் இந்நூற்கூட்டத்துக்குத் தன் பங்கைச் செலுத்தியே இருக்கின்றது. சிவசம்புப் புலவரைப் பெற்ற ஊர் என்ற புகழ் அதற்கு என்றும் உண்டு. அதனினும் நம் பொருளுக்கு அணுக்கமானவர், உடுப்பிட்டிக் குமாரசுவாமி முதலியாரின் மைந்தரான வைமன் கு. கதிரைவேற்பிள்ளை. நீதிபதியாகக் கடமையாற்றிக்கொண்டே வாணாளின் பெரும்பகுதியைச் சொல் தேடுவதிற் கழித்தவர் அவர். 1904இல் அவர் மறைந்த பின், அவர் தொகுத்த அகராதியை மதுரைத் தமிழ்ச் சங்கம் 1910 முதல் 1923 வரை மூன்று பாகங்களாக வெளியிட்டது. பகலில் வழக்குத் தீர்த்தும் இரவிற் சொல்லுக்குப் பொருள் தீர்த்தும் வாழ்ந்த அவர் போன்றார் ஊர்களின் பெயர்களையும் காணிகளின் பெயர்களையும் தொகுக்கப் புகுந்திருந்தால் எவ்வாறிருக்கும் என்று எண்ணிப் பார்க்கிறோம்.

உறுதியும் கல்வெட்டும்

காணிகளின் பெயர் என்றோம். இதனை வெளிநாட்டு வாசகர்கள் கூர்ந்து கேட்கவேண்டும். யாழ்ப்பாணத்திலே ஒவ்வொரு துண்டு நிலத்துக்கும் ஒரு பெயருண்டு. வீட்டுக்குப் பெயர் வைக்கும் வழக்கம் உலகெங்கும் உள்ளது. இங்கே வீட்டின் கீழுள்ள மண்ணுக்கே பெயர். போர்த்துக்கேயரும் ஒல்லாந்தரும் வரியின் பொருட்டு எழுதுவித்த தோம்பிலே அப்பெயர்கள் பதிந்தன. நொத்தாரிசு எழுதும் உறுதியில் அவை இன்றும் தொடர்கின்றன. இன்ன இறையில் இன்ன பெயருள்ள காணி, இத்தனை பரப்பு இத்தனை குழி, கிழக்கெல்லை இன்னார் காணி, வடக்கெல்லை ஒழுங்கை, கிணற்றில் இத்தனையில் ஒரு பங்கு, வழி வாய்க்கால் உரித்து என்று அவ்வுறுதி பேசும். எந்த ஆங்கில ஊர்க் கைந்நூலிலும் இத்துணை நுட்பமாய் ஒரு நிலம் விவரிக்கப்பட்டிருக்கும் என்று நாம் நம்பவில்லை. ஒரு கிராமத்து உறுதிகளை எல்லாம் அடுக்கி வைத்தால், அதுவே அக்கிராமத்தின் முழுமையான உசாத்துணை நூல்.

அந்த நூலைத்தான் யுத்தம் ஏடு ஏடாகப் பிரித்தெறிந்தது. 1987இல் வடமராட்சியில் நடந்த இராணுவ நடவடிக்கையின்போதும், அதற்குப் பின்வந்த ஒவ்வோர் இடப்பெயர்விலும், வீட்டைப் பூட்டிப் புறப்பட்டவர் எடுத்தது முதலில் பிள்ளை, அடுத்து உறுதிப்பெட்டி. பலரால் அந்தப் பெட்டியைக் காக்க முடிந்தது. பலரால் முடியவில்லை. பிரதியைக் காணிக் கந்தோரில் எடுக்கலாம் என்பது மெய்யே. ஆயினும், உறுதியிற் கண்ட பெயர் வெளியில் எந்த வேலியிலிருந்து எந்த வேலிவரை செல்கின்றது என்று நடந்து காட்டக்கூடிய முதியோர் ஆண்டுக்கு ஆண்டு குறைகின்றனரே, அவர்களுக்குப் பிரதி ஏது?

இவ்வகையிற் சேர்ந்த மற்றொன்றும் உண்டு. அதனை நூலென்று எவரும் மதிப்பதில்லை. யாழ்ப்பாணத்தில் ஒருவர் காலமானால் முப்பத்தோராம் நாளில் வந்தோர்க்கெல்லாம் ஒரு சிறு பிரசுரம் வழங்குவர். முன்பு அதனைக் கல்வெட்டு என்பர், இப்பொழுது நினைவு மலர் என்பர். தேவாரமும் சரமகவியும் முன்னே இருக்கும். அவற்றைத் தாண்டிச் சென்றால், இறந்தவரின் பாட்டன் பூட்டன் பெயர்கள், அவர் எந்தப் பள்ளியிற் கற்றார், எந்தத் துறையிலிருந்து எந்தக் கப்பலேறி மலாயா போனார், எந்த ஆண்டு திரும்பி எந்தக் கோயிலுக்கு மணிக்கூட்டுக் கோபுரம் கட்டினார் என்பன எல்லாம் கிடைக்கும். கவிகளின் தரத்தைப் பற்றி நாம் வாய் திறவோம். வமிசாவளியின் தரமோ மிகச் சிறந்தது, ஏனெனில் அதிற் பிழையிருந்தால் உறவினர் அன்றைக்கே சண்டைக்கு வந்துவிடுவர். அறிஞர் நூலுக்கு இத்தகைய பரிசோதனை வாய்ப்பதில்லை.

கோயில்களின் கும்பாபிஷேக மலர்களும், பள்ளிகளின் நூற்றாண்டு மலர்களும் இவ்வினத்தனவே. உடுப்பிட்டியில் அமெரிக்க மிஷன் 19ஆம் நூற்றாண்டில் தொடங்கிய கல்விப்பணியின் விவரம் பலவும் பெரும் வரலாற்று நூல்களிலல்ல, இத்தகைய மலர்களிலும் மிஷன் அறிக்கைகளிலுமே கிடைக்கும். ஆண்டுதோறும் வரும் வாக்கிய பஞ்சாங்கத்தையும் இவற்றோடு வைத்து எண்ணுங்கள். எந்தக் கோயிலில் எந்த நாள் கொடியேற்றம், எந்த நாள் தேர் என்று ஊர்ப்பெயருடன் அது கூறும். ஐம்பது ஆண்டுப் பஞ்சாங்கங்களை வைத்திருப்பவர் வடமராட்சிக் கோயில்களின் ஐம்பது ஆண்டுச் சரித்திரத்தை வைத்திருக்கிறார் என்று கூறலாம். பலரோ சித்திரை பிறந்ததும் பழையதை அடுப்புக்குக் கொடுத்துவிடுகின்றனர்.

வாசிகசாலைகளும் இவற்றை நெடுங்காலம் சேர்க்கவில்லை. சேர்த்தவற்றுக்கும் ஊழ் வந்தது. 1981ஆம் ஆண்டு மே 31ஆந் திகதி இரவு யாழ்ப்பாணப் பொது நூலகம் தீயிடப்பட்டபோது ஏறத்தாழ 97,000 நூல்கள் எரிந்தன. இலங்கையில் எழுந்த ஒவ்வொரு நூலும் எங்கேனும் ஓரிடத்தில் இன்னொரு பிரதியாய் இருக்கும் என்று ஆறுதல் கூறலாம். ஐந்நூறு பிரதி அச்சிட்ட மலருக்கும், ஒரே பிரதியாய் இருந்த ஏட்டுச் சுவடிக்கும் அந்த ஆறுதல் பொருந்தாது. கட்டடம் மறுபடி எழுந்தது. அங்கே இன்று மாணவர் அமர்ந்து படிக்கின்றனர்.

அத்தீயின் நினைவோடு தொழிற்பட்டோர் சிலரின் பணி பயன் தந்திருக்கின்றது. இங்கிலாந்தில் வாழும் நூலகர் என். செல்வராஜா, ஈழத்தவர் நூல்களுக்கென நூல்தேட்டம் என்னும் விவரப்பட்டியலை 2002 முதல் தொகுதி தொகுதியாக, ஒவ்வொன்றிலும் ஆயிரம் நூல்களாக, வெளியிட்டு வருகின்றார். 2005இல் தொடங்கிய நூலகம் என்னும் இணையக் களஞ்சியம், பழைய நூல்களையும் பத்திரிகைகளையும் மாத்திரமன்றி, நாம் மேலே சொன்ன நினைவு மலர்களையும் பள்ளி மலர்களையும் பக்கம் பக்கமாய்ப் படம்பிடித்து எவரும் கட்டணமின்றிப் படிக்க வைத்திருக்கின்றது. கல்வெட்டை நூலாக மதித்த முதல் நூலகம் இதுவே என்று நமக்குத் தோன்றுகின்றது.

மாணவர்களுக்கு ஒரு செய்தி. உங்கள் ஊரைத் தேடும்போது ஒரே எழுத்துக்கூட்டலை நம்பி ஏமாறாதீர்கள். உடுப்பிட்டி ஆங்கிலத்தில் ஒற்றைப் 'பி'யோடும் இரட்டைப் 'பி'யோடும், ஈற்றில் 'டி'யோடும் 'ற்றி'யோடும் எழுதப்பட்டிருக்கின்றது; ஒல்லாந்தர் எழுதியதோ வேறு. ஒரு கூட்டலில் அகப்படாத ஊர் மறு கூட்டலில் அகப்படும். சொல்லடைவில் இல்லையெனில் வடமராட்சி என்று பாருங்கள், அதுவும் இல்லையெனில் பருத்தித்துறை என்று பாருங்கள். பழைய நூலாசிரியர் பலர்க்குப் பருத்தித்துறை என்றாலே வடமராட்சி முழுவதும் அடங்கிவிடும்.

அப்பாச்சிமாருக்கும் ஒன்று சொல்வோம். பேரப்பிள்ளை கேட்கும்போது காணிகளின் பெயர்களைச் சொல்லுங்கள், கிழக்கெல்லை யாருடையது என்பதையும் சேர்த்துச் சொல்லுங்கள். பிள்ளையின் கைத்தொலைபேசியில் அது பதிவாகிவிடும். பெயரை எழுதும்போது பிள்ளை தடுமாறினால், உறுதியில் நொத்தாரிசு எப்படி எழுதினாரோ அப்படியே எழுதச் சொல்லுங்கள்.